நம்ம ஊர்க்காரர்

அவர் வாயில் 'நம்ம' என்ற சொல் வந்தாலே எனக்கு எரிச்சல் வரும். அந்தச் சொல்லை எந்த ஊரோடு சேர்த்துச் சொல்கிறார் என்று கவனித்தால் போதும், அந்த வருஷம் யாருடைய கை ஓங்கியிருக்கிறது என்று தெரிந்துவிடும். ஓங்கிய கை எதுவோ அதுதான் அவருக்கு 'நம்ம' கை.

ரங்கூன் நகரத்து அலோனில் ஆற்றங்கரையை ஒட்டிய எங்கள் தெருவில், பழைய மூன்று மாடிக் கட்டடம் ஒன்றின் தரைத்தளத்தில் அவர் பிறந்தார். அதே கட்டடத்தின் முதல் மாடியில் பிறந்த பெண் நான். இன்றும் அங்கேதான் இருக்கிறேன். முன்னறையில் தையல் மிஷின் போட்டு இரவிக்கையும் பள்ளிச் சீருடையும் தைக்கிறேன். அவருடைய தாத்தாவும் என்னுடைய தாத்தாவும் ஒரே கப்பலின் மேல்தளத்தில் வெயிலிலும் மழையிலும் கிடந்து வந்தவர்கள். ஒரே மேஸ்திரியின் கீழ் கப்பல்துறை ஜெட்டியில் அரிசி மூட்டை தூக்கியவர்கள். எங்கள் தெருவில் பாதிக் குடும்பத்தின் கதை இதுதான். இதில் வெட்கப்பட என்ன இருக்கிறது என்று எனக்குத் தெரியவில்லை. அவருக்குத் தெரிந்திருந்தது.

இளம் வயதில் அவருக்குத் துறைமுகத்தை ஒட்டிய ஒரு கிட்டங்கியில் எழுத்தர் வேலை கிடைத்தது. அந்த வேலை நிரந்தரமாக வேண்டும் என்று அவருடைய அக்கா அம்மனுக்கு வேண்டிக்கொண்டு தீ மிதித்தாள். சரோசாக்கா என்று நாங்கள் எல்லோரும் கூப்பிடுவோம். தாய் இறந்த பிறகு அவரை வளர்த்தவள். ஆஸ்பத்திரியில் ஆயா வேலை பார்த்து அவரைப் படிக்க வைத்தவள். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. யாராவது கேட்டால், "எனக்குத்தான் ஒரு புள்ள இருக்கே" என்று தம்பியைக் காட்டிச் சிரிப்பாள்.

தீமிதி அன்று அவர் தன் அலுவலகத்துப் பர்மிய நண்பர்கள் நாலைந்து பேரைக் கூட்டி வந்திருந்தார். கயிறு கட்டிய இடத்துக்கு வெளியே, வேடிக்கை பார்க்கிறவர்களோடு நின்றார். நான் பின்னால் நின்றேன். மஞ்சள் புடவையில், தலையில் கரகத்தோடு சரோசாக்கா குழியில் இறங்கியபோது நண்பர்களில் ஒருவன் பர்மியத்தில் கேட்டான், "கால் சுடாதா?"

"இந்தக் கலாக்களுக்குச் சுடாது. தோல் அப்படி" என்றார் இவர், அவர்களோடு சேர்ந்து சிரித்துக்கொண்டு.

கலா என்பது இந்தியத் தோலுள்ள எங்களை இங்கே இளக்காரமாகச் சொல்லும் சொல். தெருவில் எவனாவது சொன்னால் காதில் விழாததுபோல் போய்விடுவோம். நம்முடைய ஆளே சொன்னால் எங்கே போவது? அக்கா மறுகரையில் பால் குழிக்குள் காலை வைத்துவிட்டு, கூட்டத்தில் தம்பியின் முகத்தைத் தேடினாள். இவர் அதற்குள் நண்பர்களை டீக்கடைக்கு நகர்த்திக்கொண்டிருந்தார்.

அந்தக் காலத்தில் 'நம்ம ஆளுங்க' என்றால் பர்மிய அதிகாரிகள். பின்னால் அவருடைய மகள் நர்ஸாகிச் சிங்கப்பூர் போனாள். ஒரு மாதம் அங்கே போய் இருந்துவிட்டு வந்தவர், எங்கள் தெருவில் எச்சில் துப்புகிறவர்களை நிறுத்தி வைத்துப் பாடம் நடத்த ஆரம்பித்தார். "நம்ம சிங்கப்பூர்ல இப்டித் துப்பிட்டு வூடு போய்ச் சேர முடியுமா?" என்பார். வெற்றிலை அவர் வாயிலும் இருக்கும்.

அப்புறம் மகள் ஒரு அமெரிக்கக்காரரைக் கல்யாணம் செய்துகொண்டு அந்த நாட்டின் நடுப்பகுதியில் எங்கேயோ ஒரு பெரிய ஆற்றங்கரையில் உள்ள சின்ன ஊருக்குப் போனாள். மனைவி இறந்ததும் இவரும் போய்ச் சேர்ந்தார். அன்றிலிருந்து எங்களுக்கு விடிவே இல்லாமல் போயிற்று.

ஒவ்வொரு பனிக்காலத்துக்கும் இங்கே வந்துவிடுவார். அங்கே பனி கொட்டும்போது உடம்புக்கு இந்த ஊர் வேண்டும். பேச்சுக்கு அந்த ஊர் வேண்டும். காலையில் மொஹிங்கா மீன்சாற்றை ஒரு சொட்டு விடாமல் குடித்துவிட்டு, டீக்கடை முக்காலியில் உட்கார்ந்து, சட்டைப் பையிலிருந்து ஒரு சிப்பியை எடுத்து மேஜையில் வைப்பார். உள்ளங்கை அகலம் இருக்கும். அதில் வட்ட வட்டமாக ஓட்டை போட்டிருக்கும்.

"இது என்னான்னு சொல்லு பாப்போம்" என்பார் புதிதாக வந்து உட்கார்ந்தவனிடம். அவன் விழிப்பான்.

"சட்டப் பொத்தான் வெட்டி எடுத்த மிச்சம். பிளாஸ்டிக் வர்றதுக்கு முந்தி ஒலகம் பூரா நம்ம ஊரு பொத்தானைத்தான் போட்டுக்கிட்டு இருந்திச்சி. ஜெர்மனிலேருந்து வந்தாங்க நம்ம முன்னோருங்க. ஆத்துல எறங்கி அள்ளுனா சிப்பி. கரையெல்லாம் பட்டறை. அதுக்கு முந்தி மரம். வடக்கேருந்து தெப்பம் தெப்பமா ஆத்துல வரும், நம்ம ஊர்ல அறுப்பாங்க. அதுக்கும் முந்தி நீராவிக் கப்பலு."

நம்ம முன்னோர்! இவருடைய முன்னோர் தோலுரிந்த முதுகோடு இதே தெருவின் கோடியில் படுத்திருந்தவர்கள். அலோன் ஆற்றிலும் மரத் தெப்பம் வந்தது, நீராவிக் கப்பல் வந்தது, கரையெல்லாம் ஆலை இருந்தது. அதைப் பற்றி ஒரு நாள் ஒரு வார்த்தை கேட்டதில்லை, சொன்னதில்லை. டீக்கடையிலிருந்து நாலு எட்டு வைத்தால் ஆறு. திரும்பிக்கூடப் பார்க்கமாட்டார்.

ஒருமுறை அக்காவின் அறையில் உட்கார்ந்து இதையே அளந்துகொண்டிருந்தார். அதற்கு முந்தைய வருஷம்தான் அக்காவுக்குப் பக்கவாதம் வந்து இடது பக்கம் விழுந்துவிட்டிருந்தது. கட்டிலில் சாய்ந்தபடி எல்லாவற்றையும் கேட்டவள் மெதுவாக, "ஏன் தம்பி, அந்தச் சிப்பிய ஆத்துல எறங்கி அள்ளுனது யாரு? பட்டறையில உக்காந்து வெட்டுனது யாரு? கை கிழியுமே" என்றாள்.

"அதெல்லாம் யாரோ கூலிங்க. அது எதுக்கு நமக்கு?" என்றார்.

நான் அளவு எடுக்கிற நாடாவைச் சுருட்டிக்கொண்டு எழுந்து வந்துவிட்டேன். இருந்திருந்தால் ஏதாவது சொல்லியிருப்பேன், அக்காவுக்கு அது பிடிக்காது.

கடைசியாக அவர் வந்தது பனிக்காலத்தில் இல்லை, மழைக்காலத்தில். சம்பந்தி வீட்டார் வந்து தங்கியிருக்கிறார்கள், வீட்டில் இடம் நெருக்கடி என்று அக்காவிடம் மகள் போனில் சொல்லியிருந்தாள். இவர் எங்களிடம் சொன்னது வேறு: "மழையில நம்ம ஊரு ரொம்ப அழகு. ஆனாலும் அக்காவுக்காக வந்தேன்."

அந்தச் சமயம் கோயில் மண்டபத்தில் ஞாயிற்றுக்கிழமைத் தமிழ் வகுப்பு நடத்தும் பெண், மா செல்வி என்று பெயர், ஒரு ஏற்பாடு செய்திருந்தாள். பிள்ளைகளுக்கு வீட்டில் தமிழ் காதில் விழுந்தாலும் வாயில் பர்மியம்தான் வருகிறது. நம் ஆட்கள் இந்தக் கரைக்கு எப்படி வந்தார்கள், என்ன செய்தார்கள் என்று வாரம் ஒரு பெரியவர் வந்து சொன்னால் கதை கேட்கிற ஆசையிலாவது தமிழ் ஒட்டும் என்று நினைத்தாள். நல்ல எண்ணம். அவள் செய்த ஒரே தவறு இவரைக் கூப்பிட்டது.

கோட்டு போட்டுக்கொண்டு வந்தார், அந்தப் புழுக்கத்தில். அலோன் என்ற பெயரையே எடுக்கவில்லை. ஜெர்மன்காரர்கள், தெப்பம், பொத்தான் எல்லாம் வரிசையாக வந்தன. கடைசியில் வெள்ளம் வந்தது. ஒரு வருஷம் அந்தப் பெரிய ஆறு கரை புரண்டு ஊருக்குள் வரப் பார்த்ததாம். ஊர் முழுக்க, மேயர் முதல் பள்ளிப் பிள்ளைகள் வரை, ஆற்றங்கரையில் வரிசையாக நின்று மணல் மூட்டையைக் கை மாற்றிக் கை மாற்றிச் சுவர் எழுப்பினார்களாம்.

"நானும் நின்னேன். இந்தக் கையால" என்று இரண்டு கைகளையும் விரித்துக் காட்டினார். "ராப்பகலா நின்னோம். ஒரு உசுரு போகல. அதான் ஜனம். அதான் சரித்திரம். அங்க ஒவ்வொரு வூட்டு வாசல்லயும் யாரு கட்டுனதுன்னு போர்டு இருக்கும். இங்க ஒங்களுக்கு என்னா இருக்கு?"

பிள்ளைகள் தரையைப் பார்த்தார்கள். ஒரு பெண் மட்டும் எழுந்து பர்மியத்தில் கேட்டாள், "தாத்தா, உங்களுடைய தாத்தா கப்பலில் வந்து இங்கே என்ன செய்தார்?"

"வியாபாரம்" என்றார். "பெரிய வியாபாரம்."

பின் வரிசையில் இருந்த நான் வாய்விட்டுச் சிரித்தேன். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். அவர் பார்க்கவில்லை.

அந்த வாரமே மழை பிடித்துக்கொண்டது. விடாமல் கொட்டியது. அமாவாசையை ஒட்டி ஆற்றில் கடல் ஏற்றம் வேறு. மழைத் தண்ணீர் ஆற்றுக்குள் போக வழியில்லாமல், ஆற்றுத் தண்ணீர் சாக்கடை வழியாகத் தெருவுக்குள் ஏறியது. எங்களுக்குக் கணுக்கால் தண்ணீர் பழக்கம். அன்று காலை பத்து மணிக்குள் முழங்காலைத் தொட்டுவிட்டது. தெருமுனையில் கட்டட வேலைக்குக் கொட்டியிருந்த மணலைச் சாக்குகளில் அள்ளி, வாசல்களை அடைக்க ஆரம்பித்தோம். எதிர்வரிசையில் இரும்புச் சாமான் கடை வைத்திருக்கும் சாகுல் பாய் தன் கடையில் இருந்த சாக்குகளையெல்லாம் எடுத்து வெளியே போட்டார். எங்கள் தெருவில் சைக்கா மிதிக்கும் கோ டுன் மண்வெட்டியோடு நின்றான். சைக்கா என்றால் பக்கவாட்டில் ஆள் உட்காரும் மிதிவண்டி. கோ டுன் பர்மியன். எங்களோடு பழகி அரைகுறையாகத் தமிழ் பேசுவான்.

இவர் அக்காவின் வாசற்படியில், கால்சட்டையை மடித்துவிட்டுக்கொண்டு நின்றார்.

"அண்ணே, சாக்கு வாய புடிங்க. நான் மண்ணு போடறேன்" என்று கோ டுன் கூப்பிட்டான்.

"இப்டியெல்லாம் போட்டா நிக்காது. அதுக்கு ஒரு முறை இருக்கு. நம்ம ஊர்ல இஞ்சினியரு வந்து கோடு போட்டுக் குடுப்பாரு" என்றார் இவர்.

கோ டுன் என்னைப் பார்த்தான். நான் சாக்கின் வாயைப் பிடித்தேன்.

நாங்கள் அடுக்கிய மூட்டைகள் நின்றன, பயன்தான் இல்லை. தண்ணீர் வாசல் வழியாக வரவே இல்லை. குளியலறைச் சாக்கடை வழியாக உள்ளேயிருந்து பொங்கியது. மாடியில் என் மிஷினுக்குத் துணி போட்டு மூடிவிட்டு அக்காவைப் பார்க்கப் படியிறங்கிக்கொண்டிருந்தேன். இவர் எதிரே வந்தார். தலையில் பெட்டி. அமெரிக்காவிலிருந்து கொண்டுவந்த பெரிய சக்கரப் பெட்டி. ஒரு கையால் அதைப் பிடித்து, மறு கையை இடுப்பில் ஊன்றி, இடுப்பளவுத் தண்ணீரில் ஒரு தள்ளாட்டம் இல்லாமல் நடந்தார். ஜெட்டியில் மூட்டை தூக்குகிறவனின் நடை அது. யாரும் சொல்லிக்கொடுத்து வந்திருக்காது.

"பெட்டி எதுக்குண்ணே?"

"பாஸ்போர்ட் இருக்கு. அக்காவக் கூட்டிட்டுப் போக காரு புடிச்சிட்டு வர்றேன். நீ பாத்துக்க."

"இந்தத் தண்ணியில காரு எப்படி வரும்? முதல்ல அக்காவ மேல தூக்கலாம், ஒரு கை புடிங்க."

"தோ வந்துட்டேம்மா" என்றார். போய்விட்டார்.

அக்காவின் அறைத் தரை நடையைவிட உயரம், அங்கும் தண்ணீர் கட்டில் சட்டத்தைத் தொட்டிருந்தது. அக்கா வலது கையால் சன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். மேலே சுவரில் மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. அன்றைக்குப் பார்த்து மின்சாரம் இருந்தது. மற்ற நாட்களில் மணிக்கணக்கில் இல்லாத மின்சாரம், ஆளைக் கொல்ல வேண்டிய நாளில் வந்து நின்றது. கத்தினேன். சாகுல் பாய் ஓடிவந்து படிக்கட்டுக்குக் கீழே இருந்த மெயினை மரக்குச்சியால் தட்டி இறக்கினார்.

அக்கா கனமான உடம்பு. இடது பக்கம் அவளுடையதாக இல்லாததால் அந்தக் கனம் இரண்டு மடங்கு. மர நாற்காலியில் உட்கார வைத்து, புடவையால் மார்போடு சேர்த்துக் கட்டி, மூன்று பேரும் தூக்கினோம். எங்கள் கட்டடத்துப் படிக்கட்டு ஒருத்தர் ஏறினால் ஒருத்தர் ஒதுங்கி நிற்க வேண்டிய அகலம். திருப்பத்தில் நாற்காலி மாட்டிக்கொண்டது. முன்னாலும் போகவில்லை, பின்னாலும் வரவில்லை. கீழே தண்ணீர் படி படியாக ஏறியது. கோ டுன் கட்டை அவிழ்த்தான். குனிந்து முதுகைக் காட்டினான்.

"அமாஜி, கழுத்த கெட்டியா புடிச்சுக்கோ" என்றான். பர்மியத்தில் அமாஜி என்றால் பெரியக்கா.

"ஒன் முதுகு ஒடஞ்சா ஒம் பொண்டாட்டிக்கு நான்டா பதில் சொல்லணும்."

"ஒடையாது."

நான் பின்னாலிருந்து தாங்கினேன். சாகுல் பாய் மேலேயிருந்து அவள் கையைப் பிடித்து இழுத்தார். கடைசிப் படியில் கோ டுன் முழங்கால் மடங்கி விழுந்தான். சிமெண்ட் விளிம்பு காலை எலும்பு வரை வெட்டிவிட்டது. விழுந்தும் அவளைக் கீழே விடவில்லை. அப்படியே முட்டியால் ஊர்ந்து என் வாசலுக்குள் கொண்டுவந்து சாய்த்தான். ரத்தம் நான் வெட்டி வைத்திருந்த துணிகளின் மேலெல்லாம் ஓடியது. அக்கா மூச்சு வாங்கியபடி தன் ஒரு கையால் அவன் காலைத் துணியால் அழுத்திப் பிடித்துக்கொண்டிருந்தாள். ஆயா வேலை பார்த்த கை.

சாயங்காலம் அவர் என் போனுக்குப் பேசினார். மிங்கலாடோனில், விமான நிலையத்துக்குப் பக்கத்து ஓட்டலில் இருப்பதாகச் சொன்னார். அக்காவின் காதில் வைத்தேன்.

"நீ பத்தரமா இருக்கியா தம்பி?" என்று அவள்தான் முதலில் கேட்டாள்.

"காரே கெடைக்கல அக்கா. ரோடெல்லாம் தண்ணி. நம்ம ஊரா இருந்தா படகு வந்திருக்கும், ஹெலிகாப்டர் வந்திருக்கும். இங்க ஒரு ஒழுங்கும் இல்ல."

அலோனுக்கு வரத்தான் கார் கிடைக்கவில்லை. மிங்கலாடோன் போகக் கிடைத்திருக்கிறது. அக்கா "சரிப்பா, சாப்புடு" என்று சொல்லிவிட்டுப் போனை என்னிடம் நீட்டினாள். தண்ணீர் வடிவதற்கு முன்பே அவர் விமானம் ஏறிவிட்டார்.

பிறகு மகள் அத்தையிடம் பேசக் கூப்பிட்டாள். பேசி முடித்து அக்கா அசந்த பிறகு, நான் போனை எடுத்துக்கொண்டு பின்கட்டுக்குப் போய் நடந்ததையெல்லாம் சொன்னேன். அந்த வெள்ளக் கதையையும் சொன்னேன், ராப்பகலாக மணல் மூட்டை தூக்கியதை.

"மாடி அத்தை, அந்த வெள்ளம் நாங்க இந்த ஊருக்கு வர்றதுக்கு ரொம்ப முந்தி வந்தது. இங்க ஒரு சின்ன மியூசியம் இருக்கு. அங்க படம் மாட்டியிருக்காங்க. அப்பா தெனம் காலையில அங்க போயிடுவாரு. உள்ள கதகதப்பா இருக்கும். ஒரு வயசான அம்மா டிக்கெட் கிழிக்கறாங்க, அவுங்க மட்டுந்தான் இந்த ஊர்ல அவருகூடப் பேசறவங்க" என்றாள். பிறகு, "பக்கத்து வூட்டுக்காரங்களுக்கு அவரு பேரு தெரியாது" என்றாள்.

இதைக் கேட்டு எனக்கு இரக்கம் வந்திருக்க வேண்டும். ஒரு மனிதர் பனியில் நடந்து போய், கண்ணாடிப் பெட்டிக்குள் இருக்கும் அடுத்தவன் சிப்பியைப் பார்த்துக்கொண்டு நிற்பதை மனத்தில் கொண்டுவந்து பார்த்தேன். இரக்கம் வரவில்லை. பேச ஆளில்லாத கொடுமை தெரிந்த மனிதர், பேச ஓராயிரம் விஷயம் வைத்திருந்த அக்காவின் கட்டிலருகே உட்கார்ந்து பொத்தான் கதையல்லவா அளந்தார்.

அதன்பின் அவர் வரவில்லை. அக்கா என்னுடனேயே மாடியில் தங்கிவிட்டாள். கோ டுன் கால் ஆறிவிட்டது. மழை நாளில் மட்டும் இழுத்து நடப்பான்.

சென்ற மாதம் மா செல்வி போனோடு வந்தாள். அவருடைய மகள் ஒரு காணொளி அனுப்பியிருந்தாளாம். அந்த மியூசியத்தில் ஊர்ப் பெரியவர்கள் இருபது பேர்போல நாற்காலிகளில் இருந்தார்கள். எல்லாம் வெள்ளைத் தலை. முன்னால் இவர். பர்மியச் சட்டை, லோஞ்சி என்கிற பட்டுக் கைலி, தலையில் பர்மியத் தலைப்பாகை. இங்கே இருந்தவரை லோஞ்சி கட்டினால் மூட்டை தூக்குகிறவன் மாதிரி இருக்கும் என்று கால்சட்டையைக் கழற்றாதவர். ஆங்கிலத்தில் பேசினார். செல்வி எங்களுக்கு ஒவ்வொரு வரியாகத் தமிழில் சொன்னாள்.

"நம்ம ரங்கூன்ல ஒரு ஆறு இருக்குன்னு சொல்றாரு. அவரோட தாத்தா அந்தக் கரையில முதுகுல அரிசி மூட்ட தூக்குனாராம். கூலியா வந்த ஜனங்க நாங்க, அதுல எனக்குப் பெருமைன்னு சொல்றாரு."

வெள்ளைத் தலைகள் கை தட்டின. என் கையில் கத்தரிக்கோல் இருந்தது. அதைக் கீழே வைத்தேன்.

"இப்ப வெள்ளத்தப் பத்தி. தெருவே சேந்து மணல் மூட்ட போட்டாங்களாம். தண்ணி இடுப்பளவு. அவரோட அக்கா நடக்க முடியாதவங்க." செல்வி நிறுத்தினாள். அக்காவின் முகத்தைப் பார்த்தாள்.

"சொல்லும்மா" என்றாள் அக்கா.

"அக்காவ முதுகுல தூக்கிட்டு மாடிக்கு ஏறினேன்னு சொல்றாரு. கடைசிப் படியில விழுந்தும் விடலன்னு சொல்றாரு."

டிக்கெட் கிழிக்கும் அம்மாவாக இருக்க வேண்டும், முன் வரிசையில் ஒருத்தி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். மகளிடம் நான் சொன்னதை அவர் தன் கதையாக்கிக்கொண்டதில் எனக்கு வந்த ஆத்திரத்தில் அந்தப் போனைப் பிடுங்கிச் சன்னல் வழியாக எறிந்திருப்பேன். அக்கா கையை நீட்டினாள். செல்வி போனைக் கொடுத்தாள். அதைக் கண்ணுக்குக் கிட்டே வைத்துத் தம்பியின் முகத்தை வெகுநேரம் பார்த்தாள்.

"நான் எவ்ளோ கனம்னு சொன்னானா?" என்று கேட்டாள்.

"இல்ல பாட்டி. அது ஒண்ணும் சொல்லல."

"தூக்கியிருந்தா அதத்தான் மொதல்ல சொல்லியிருப்பான்" என்று சொல்லிவிட்டு, போனைத் திருப்பிக் கொடுத்தாள்.